மிதந்து வந்த சிலிண்டர்

ஐகோர்ட்டில் ஒரு அறை. உயரமான கூரையிலிருந்து நீளக் கம்பியில் தொங்கும் மின்விசிறி சுற்றிக்கொண்டிருந்தது. அந்தக் காற்று எனக்கு வந்து சேர்வதற்குள் அதற்கே வேர்த்துவிடும் போல. கறுப்பு அங்கிகள் நெருக்கியடித்து நிற்க, எல்லாருக்கும் பின்னால் பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு சுவரோடு சுவராக நான்.

எதிர்த்தரப்பு வக்கீல் ஒரு காகிதத்தைப் பார்த்து இங்கிலீஷில் படித்துக்கொண்டே போனார். எனக்குப் புரிந்த வார்த்தை ஒன்றே ஒன்று: சிலிண்டர். என் பிழைப்பே அதுதான் என்பதால் காது நிமிர்ந்தது. அவர் இன்னும் ஒரு வரி படித்தார். அறை சிரித்தது. ஜட்ஜ் ஐயாவின் உதடுகூட ஒரு பக்கமாகக் கோணியது.

நானும் சிரித்தேன். எல்லாரும் சிரிக்கும்போது நான் மட்டும் முழித்துக்கொண்டு நின்றால், இவனுக்கு இங்கிலீஷ் தெரியாது என்று கண்டுபிடித்துவிடுவார்களே. அதனால் கொஞ்சம் சத்தமாகவே சிரித்தேன். பக்கத்தில் நின்ற குமாஸ்தாவின் தோளைத் தட்டியும் சிரித்தேன்.

எனக்கு முன்னால் நின்றிருந்த மஞ்சுளா திரும்பிப் பார்த்தாள். அவளுடைய கேஸ்தான் அங்கே நடந்துகொண்டிருந்தது. அவள் சிரிக்கவில்லை.

இன்றைக்கும் சோற்றில் கை வைக்கும்போது சில நாள் அந்தப் பார்வை குறுக்கே வரும். வந்தால் ரசம் வரைக்கும் போகமாட்டேன்.

இஸ்திரி போடுகிறவள்

போன வாரம், என் கல்யாணத்தில் பசி தாங்காமல் மாப்பிள்ளை நானே முதல் பந்தியில் குந்திவிட்ட கதையைச் சொல்லியிருந்தேன். நன்றாகச் சிரித்தோம் என்று சிலர் எழுதியிருந்தார்கள். அவர்களுக்கு இந்த வாரம் கொஞ்சம் ஏமாற்றம்தான்.

நான் மூணாங்கிளாஸ். எழுத்துக் கூட்டிப் படிப்பேன், என் பெயரைக் கையெழுத்தாகப் போடுவேன், அவ்வளவுதான் என் இலக்கியம். நான் வாயால் சொல்வதை என் மகள் கலா செல்போனில் தட்டி, என் 'இன்னா'வை எல்லாம் 'என்ன' ஆக்கி, இஸ்திரி போட்டுப் பத்திரிகைக்கு அனுப்புகிறாள். பிறத்தியார் பேச்சை மட்டும் அப்படியே விட்டுவிடுகிறாள்.

இதைச் சொல்ல ஆரம்பித்ததும் அவள் தட்டுவதை நிறுத்தினாள்.

"இது நெஜமாப்பா? இல்ல எப்பவும் போல உடான்ஸா?"

"நெஜந்தான், தட்டு" என்றேன்.

மூச்சு வாங்குவதை மறைக்க

நான் கும்மிடிப்பூண்டியில் ஒரு கேஸ் ஏஜென்சியில் லோடு ஆட்டோ ஓட்டி வீடு வீடாக சிலிண்டர் போடுகிறவன். பெயர் ஏகாம்பரம், எல்லாருக்கும் ஏகா. சிப்காட் கம்பெனிகளைச் சுற்றியிருக்கும் லைன் வீடுகள், அப்புறம் பொன்னேரிப் பக்கம் வயலுக்கு நடுவே இருக்கும் ஊர்கள், இவ்வளவும் என் ராஜ்ஜியம்.

நிறைந்த சிலிண்டரைத் தோளில் ஏற்றி மூன்று மாடி ஏறிப் பாருங்கள். மேலே போய்ச் சேரும்போது நாக்கு வெளியே தொங்கும். அதை மறைக்கத்தான் நான் ஜோக் அடிக்கப் பழகினேன். கதவு திறந்ததும் ஒன்று எடுத்துவிட்டால், அவர்கள் சிரித்து முடிப்பதற்குள் எனக்கு மூச்சு திரும்பிவிடும். மாடி இல்லாத வீட்டிலும் பழக்கதோஷத்தில் ஜோக் அடித்தேன். அப்புறம் ஆள் கூடினாலே வாய் தானாகத் திறந்துகொண்டது.

என் பொண்டாட்டி சொல்வாள்: "உன் வாய்க்கு ஒரு ரெகுலேட்டர் வாங்கி மாட்டணும்யா."

மாட்டியிருக்கலாம்.

மண்ணைக் கொடுத்த அப்பா

மஞ்சுளா பொன்னேரிக்குக் கிழக்கே ஒரு ஊர்க்காரி. சிப்காட்டில் ஒரு கம்பெனியில் நின்றபடியே டப்பா அடுக்கும் வேலை பார்த்தாள். வேலைக்குப் போகிறவள் என்பதால் லீவு நாளில்தான் நான் அவள் வீட்டுக்கு சிலிண்டர் போடுவேன். "ண்ணா, மோரு குடிச்சிட்டுப் போ" என்று உட்காரவைப்பாள்.

எங்கள் ஏஜென்சியிலிருந்து அந்த ஊர்கள் தூரம். புக் பண்ணினால் சிலிண்டர் போய்ச் சேர நாளாகும். அதனால் அந்தப் பக்கத்துக்கே தனியாக ஒரு ஏஜென்சி கொடுக்கப் போவதாகக் கேஸ் கம்பெனி பேப்பரில் விளம்பரம் போட்டது. குடோன் கட்ட சொந்த இடம் வேண்டும், லாரி போக வழி வேண்டும், படிப்பு வேண்டும், எல்லாம் சரியாக இருக்கிறவர்களுக்குள் குலுக்கல்.

மஞ்சுளாவின் அப்பா வீட்டை ஒட்டி நெல் விளைகிற மூலையை அவள் பெயருக்கு எழுதிக் கொடுத்தார். சாலையிலிருந்து வீட்டுக்கும் அங்கேயும் போகும் வழி சேறாக இருக்கிறதென்று, இரும்புக் கம்பெனியில் உருக்கிக் கொட்டும் கருங்கசடை டிராக்டர் டிராக்டராக வாங்கிக் கொட்டி, மேலே மண் போட்டு மிதித்தார். எங்கள் பக்கத்தில் அப்படித்தான் வழி போடுவோம். அது இறுகிவிட்டால் கடப்பாரைகூட இறங்காது.

குலுக்கலில் மஞ்சுளா பெயர் வந்தது. அந்தச் சந்தோஷத்தில் வேலையை விட்டாள். பெயர்ப்பலகைகூட எழுதி வாங்கிவிட்டாள், மஞ்சள் தகரத்தில் சிவப்பு எழுத்து. முதலில் சொன்னது என்னிடம்.

"ண்ணா, ஏஜென்சி வந்தா மொத வண்டி நீதான் ஓட்டணும். வரியா?"

"ஏசி வெச்ச லோடு ஆட்டோவா இருந்தா யோசிக்கலாம்" என்றேன். சிரித்தாள்.

இதில் ஒரு பேஜார் இருந்தது. குலுக்கலில் தோற்றவர்களில் ஒருவர் என் முதலாளியின் மச்சான்.

சிரிக்காத மனுஷன்

குலுக்கலில் பெயர் வந்தால் மட்டும் போதாது. கம்பெனி அதிகாரி நேரில் வந்து பத்திரம், இடம், வழி எல்லாம் சரிபார்க்க வேண்டும். அவர் வந்த அன்றைக்கு நல்ல சித்திரை வெயில். நான் அந்தத் தெருவில் சிலிண்டர் இறக்கிக்கொண்டிருந்தேன்.

அதிகாரி வேற ஊர்க்காரர் போல. டேப்பைப் பிடித்து வழியின் அகலத்தை அளந்தார். மஞ்சுளாவும் அவள் அப்பாவும் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள். அக்கம்பக்கத்தில் ஏழெட்டுப் பேர் வேடிக்கை பார்த்தார்கள். அவர் என்னைக் கூப்பிட்டார்.

"இந்தப் பக்கம் டெலிவரி நீங்கதானா?"

"நாந்தான் சார். ரொம்ப வருசமா."

"மழைக்காலத்துல இந்த வழியில வண்டி வருமா?"

மஞ்சுளா என்னைப் பார்த்து லேசாகத் தலையை ஆட்டினாள். கசடு கொட்டிய பிறகு வந்த ஐப்பசி அடைமழையில்கூட அந்த வழியில் என் ஆட்டோ ஒரு நாளும் புதைந்ததில்லை. 'வரும் சார்.' இரண்டே வார்த்தை. என்னை மாதிரி மூணாங்கிளாஸ்காரனுக்கும் அது முடியும்.

ஆனால் ஏழெட்டுப் பேர் என் வாயைப் பார்த்துக்கொண்டிருந்தார்களே!

"வண்டி எதுக்கு சார்? மழ பெஞ்சா சிலிண்டர தண்ணில உட்ருவேன். அதுவா மெதந்துகினு போயி அவங்கவங்க ஊட்டாண்ட நிக்கும். நான் கரைல குந்திகினு, 'இந்தாம்மா, உன்னுத புட்சிக்கோ'ன்னு கொரல் குடுப்பேன்."

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. மஞ்சுளாவின் அப்பா பல்லில்லாத வாயைத் திறந்து சிரித்தார். "போண்ணா, சார்கிட்டயே வெளாட்டா!" என்று மஞ்சுளாவும் சிரித்தாள்.

அதிகாரி சிரிக்கவில்லை. பேடில் எதையோ எழுதினார்.

எனக்கு அது பொறுக்கவில்லை. ஒருத்தர் சிரிக்காமல் போனாலும் அன்றைக்கு எனக்கு நாஷ்டா செரிக்காது. நம்ம பாஷை புரியவில்லையோ என்று, இன்னொரு தடவை நிறுத்தி நிறுத்திச் சொன்னேன். அவர் எழுதுவதற்கு வசதியாக இருந்திருக்கும்.

அப்புறம் அடுத்த டெலிவரிக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டேன்.

பருப்பும் டார்ச் லைட்டும்

புத்தியுள்ளவனாக இருந்தால் இந்தப் பாடம் எனக்குச் சின்ன வயசிலேயே ஏறியிருக்கும்.

மூணாங்கிளாசில் ஒரு அதிகாரி வந்து, சத்துணவு சாம்பார் எப்படி இருக்கிறது என்று கேட்டார். "பருப்ப தேட டார்ச் லைட் வேணும் சார்" என்றேன். கிளாசே அதிர்ந்தது. மறுநாள் சமைக்கிற அம்மாவை எங்கேயோ வரச்சொல்லி விசாரித்தார்கள். அந்த அம்மா எங்கள் தெருதான். பள்ளிக்கூடம் போகிற வழியில்தான் வீடு. அவர்கள் வாசலைத் தாண்டிப் போகப் பயந்து நான் பள்ளிக்கூடத்துக்கே போவதை நிறுத்தினேன்.

வறுமையில் படிப்பு நின்றுவிட்டது என்று இத்தனை நாள் ஊரை ஏமாற்றிவந்திருக்கிறேன். கலாவுக்கே இது இன்றைக்குத்தான் தெரியும்.

நாக்கு அழுகட்டும்

கொஞ்ச நாள் கழித்து மஞ்சுளா கையில் ஒரு கடிதத்தோடு வழியிலேயே நின்று என் ஆட்டோவை மறித்தாள். எல்லாக் காலத்திலும் வண்டி போகக்கூடிய பாதை இல்லாததால் அவளுடைய தேர்வை ரத்து செய்திருக்கிறார்கள். விசாரித்ததில் அப்படித் தெரியவந்தது என்று எழுதியிருக்கிறது.

"யாருண்ணா இப்டி சொல்லியிருப்பா?"

"எவனோ வயித்தெரிச்சல் புட்ச்சவன்தாம்மா. அவன் நாக்கு அழுவிப் பூட!" என்றேன். மனசாரச் சொன்னேன். முதலாளியின் மச்சானைத்தான் நினைத்துக்கொண்டேன்.

அவள் ஐகோர்ட்டில் கேஸ் போட்டாள். டெலிவரி போடுகிறவனே வழி நன்றாக இருக்கிறது என்று எழுதிக் கொடுத்தால் பலம் என்று அவளுடைய வக்கீலம்மா சொல்லியிருந்தார்கள். என்னைக் கூப்பிட்டாள்.

"இன்னாம்மா இது, உனுக்கில்லாததா!" என்று பெரிய மனுஷன் மாதிரி சொல்லிவிட்டு, முதலாளியிடம் சித்தப்பா செத்துவிட்டார் என்று லீவு கேட்டேன். அந்தச் சித்தப்பா ஏற்கெனவே ஒரு தடவை லீவுக்காகச் செத்தவர். கும்மிடிப்பூண்டி லோக்கலில் ஜன்னலோரம் இடம் பிடித்து, மஞ்சுளாவுக்கு வழியெல்லாம் ஜோக் சொல்லி தைரியம் கொடுத்துக்கொண்டே போனேன்.

போய் நின்ற இடத்தில்தான் அந்தச் சிரிப்பு.

வெளியே வராந்தாவுக்கு வந்ததும் கேட்டேன்.

"இன்னாம்மா படிச்சாரு அவுரு? எல்லாம் அப்டி சிரிச்சாங்கோ?"

அவள் தூணைப் பார்த்துக்கொண்டு சொன்னாள். "மழைக்காலத்துல சிலிண்டர தண்ணில மெதக்கவுட்டுத்தான் கொண்டுபோறதா, அந்த ஏரியா டெலிவரி ஆளே சொன்னாராம்."

கக்கத்திலிருந்த பை நழுவி விழுந்தது.

திட்டியிருக்கலாம். செருப்பைக் கழற்றியிருக்கலாம். அவள் சொன்னது வேறு.

"நானும்தாண்ணா அன்னிக்கி சிரிச்சேன். உன்ன மட்டும் சொல்லி இன்னா ஆவப்போவுது."

முதல் வரி

வக்கீலம்மாவின் ஆபீஸ் கோர்ட்டுக்கு எதிரே ஒரு சந்தில், மாடியில். விஷயத்தைக் கேட்டதும் அவர் தலையில் கை வைத்தார். அப்புறம் எடுத்தார். "பரவால்ல, சொன்ன ஆளே கைல இருக்காரே. அடுத்த வாரம் கேஸ் வருது, அதுக்குள்ள இவர் அபிடவிட் உள்ள போயிடணும்" என்று மடமடவென்று டைப் அடிக்கச் சொன்னார். அடித்து முடித்ததும் எனக்காகத் தமிழில் சொன்னார்.

"நான் விளையாட்டாகவும் பொறுப்பில்லாமலும் பேசும் பழக்கம் உள்ளவன். அன்று அதிகாரியிடம் நான் சொன்னது உண்மையல்ல, சுற்றியிருந்தவர்களைச் சிரிக்கவைக்கச் சொன்னது. மழைக்காலத்திலும் அந்த வழியில் என் ஆட்டோவை ஓட்டிச் சென்றிருக்கிறேன்."

"மேடம்," என்றேன், "அந்த மொத லைன எட்த்துடலாமா?"

"ஏன்?"

"எனுக்கு கல்யாண வயசுல பொண்ணு கீது மேடம். நாளிக்கு எவனாவது இத்த படிச்சிட்டு..."

"அந்த லைன் இல்லன்னா நீங்க சொன்னது ஜோக்குன்னு எப்படிங்க நம்புவாங்க? ஒரு நாள் ஒண்ணு சொல்றீங்க, இன்னொரு நாள் வேற சொல்றீங்கன்னு தூக்கிப் போட்டுடுவாங்க."

மஞ்சுளா பேனாவை நீட்டியபடி நின்றாள்.

உங்களுக்கே தெரியும், இந்தப் பக்கத்தில் வாராவாரம் என்னை நானே எவ்வளவு கேவலமாகப் பேசிக்கொள்கிறேன் என்று. உதவாக்கரை, ஓட்டை வாய், காலி சிலிண்டர் என்று நானே பட்டம் கட்டிக்கொள்வேன். அதையெல்லாம் நான் சொன்னால் கைதட்டுகிறார்கள். அதையே ஒரு காகிதத்தில் அடித்து, 'ஆமாம், நான் அப்படித்தான்' என்று கையெழுத்துப் போடு என்றதும் எனக்கு எங்கிருந்தோ மானம் வந்துவிட்டது. அத்தனை வருஷம் எட்டிப்பார்க்காத மானம், அந்த மாடிப்படி ஏறி வந்து என் பக்கத்தில் குந்திக்கொண்டது.

"ஊட்ல ஒரு வார்த்த கேட்டுக்கினு நாளிக்கே வந்து போட்றேன்" என்றேன்.

இங்கே கலா மறுபடியும் தட்டுவதை நிறுத்தினாள். "என்னச் சொல்லியா தப்பிச்ச?" என்றாள். ஆமாம் என்றேன். எழுந்துபோய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள். எனக்குக் கொண்டுவரவில்லை.

காலி அடுக்கு

மறுநாள் காலை முதலாளி என்னைக் கூப்பிட்டார். ஆந்திரா எல்லைப் பக்கத்து மனுஷர், பிரியமாகப் பேசினால்தான் பயப்பட வேண்டும்.

"வா நைனா. சித்தப்பாவ நல்லபடியா அனுப்பிச்சியா?"

"ஆச்சுங்க மொதலாளி."

"எங்க எரிச்சீங்கோ, ஐகோர்ட்லயா?"

அவர் மேஜையில் கிடந்த ரசீதுகளை எடுத்து அடுக்க ஆரம்பித்தேன்.

"நான் தடுக்கமாட்டேன் நைனா. போ, கையெழுத்து போடு. போறதுக்கு முன்ன ஆட்டோ சாவிய மட்டும் டேபிள் மேல வெச்சிட்டுப் போ."

சாவி என் ஜோபியிலேயே இருந்தது. சாவிக்குப் பயந்துதான் போகவில்லை என்று வெகுநாள் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பாதிதான். மீதிப் பாதி அந்த முதல் வரி.

மஞ்சுளா போன் பண்ணினாள். ஆட்டோவில் முன்னால் வைத்திருந்த போனைக் குப்புறக் கவிழ்த்தேன். மறுபடி பண்ணினாள். மறுபடி கவிழ்த்தேன். கேஸுக்கு முந்தின நாள் அவளே ஏஜென்சி குடோனுக்கு வந்துவிட்டாள்.

"ஏகாண்ணா கீறாரா? நாளிக்கு கேஸு. ஒரே ஒரு கையெழுத்துதான்னு சொல்லுங்க."

வாட்ச்மேன் உள்ளே பார்த்து "ஏகா! ஏகா!" என்று கத்தினான். நான் காலி சிலிண்டர் அடுக்குக்குப் பின்னால் குந்தியிருந்தேன். இரும்புச் சூடு முதுகில் ஏறியது. வெளியே அவள் செருப்புச் சத்தம் வாசல் வரை போனது, நின்றது, திரும்பி வந்தது, மறுபடியும் போனது. அதற்குப் பிறகு கேட்கவில்லை. அப்புறமும் வெகுநேரம் நான் எழுந்திருக்கவில்லை.

கேஸ் தள்ளுபடி ஆனது. அதிகாரியின் அறிக்கையைச் சந்தேகிக்க ஒன்றும் இல்லை என்று சொல்லிவிட்டார்களாம். மறுபடியும் குலுக்கல் வைத்தார்கள். யாரோ முன்பின் தெரியாத ஒருத்தருக்குப் போனது. என் முதலாளியின் மச்சானுக்கும் கிடைக்கவில்லை. ஆக, நான் அவ்வளவு பாடுபட்டுப் பதுங்கியதில் ஒரு ஆளுக்கும் ஒரு பிரயோஜனமும் இல்லை.

மஞ்சுளா மறுபடி டப்பா அடுக்கப் போனாள். பழைய வேலை இல்லை, காண்ட்ராக்ட்டில், புதுசாகச் சேர்கிறவர்களோடு சேர்ந்து.

மழை

புது ஏஜென்சி தொடங்கும் வரைக்கும் அந்த ஊர்கள் எங்களிடமே இருந்தன. மஞ்சுளா வீட்டு டெலிவரிச் சீட்டு வந்தால் வேறு டிரைவரின் தலையில் கட்டிவிடுவேன். ஐப்பசியில் ஒரு நாள் அந்த டிரைவர் காய்ச்சலில் படுத்துவிட்டான்.

விடாத மழை. வயல் எது ஏரி எது என்று தெரியவில்லை. சாலையிலிருந்து அந்த வழியில் திருப்பினேன். தண்ணீர் இரண்டு பக்கமும் ஓடியது, வழியில் கணுக்கால் அளவுகூட இல்லை. அடியில் கசடு நறநறவென்று கடித்துப் பிடிக்க, சக்கரம் ஒரு இடத்தில்கூடச் சறுக்கவில்லை. சறுக்கியிருக்கக்கூடாதா, ஒரு இடத்திலாவது புதைந்திருக்கக்கூடாதா என்று வேண்டிக்கொண்டே ஓட்டினேன். சிமெண்டு ரோட்டில் போவது மாதிரி கொண்டுபோய் அவள் வாசலில் நிறுத்தியது.

மாட்டுக்கொட்டகையில் ஒழுகுகிற இடத்தில் ஒரு மஞ்சள் தகரம் செருகியிருந்தது. சிவப்பு எழுத்து தலைகீழாகத் தெரிந்தது. நேராக இருந்தாலே எழுத்துக் கூட்டுகிறவன் நான். அன்றைக்கு ஒரே பார்வையில் படித்துவிட்டேன்.

சிலிண்டரைத் தோளில் ஏற்றிக்கொண்டு போனேன். மஞ்சுளா கதவைத் திறந்தாள். மாடி ஏறாமலே எனக்கு மூச்சு வாங்கியது.

"இன்னாண்ணா, மெதந்துகினு வர்லியா?"

சிரிக்காமல்தான் கேட்டாள்.

"இல்லம்மா. ஆட்டோலதான் வந்தேன்."

"இந்த மழைலயா?"

"இந்த மழைலதாம்மா."

"லோடோடவா?"

"லோடோடதான்."

"வழி எப்டி இருந்திச்சி?"

"நல்லா இருந்திச்சிம்மா. எங்கயும் புதையல."

அவள் ஒவ்வொரு பதிலையும் வாங்கி வைத்துக்கொள்வது போல நிறுத்தி நிறுத்திக் கேட்டாள். இனிமேல் கேட்க ஒன்றும் இல்லை என்று ஆனதும் கதவை முழுதாகத் திறந்துவிட்டு ஒதுங்கி வழிவிட்டாள். உள்ளே அவள் அப்பா யாரு என்று குரல் கொடுத்தார்.

"சிலிண்டருப்பா" என்றாள்.

வாஷர் பார்த்து, சோப்புத் தண்ணி தொட்டுக் கசிகிறதா என்று பார்த்து, காலி சிலிண்டரை வெளியே எடுத்து வைத்தேன். செல்போனை ஜோபியிலிருந்து எடுத்தேன். டெலிவரி ஆனதற்கு அவர்களுக்கு வந்த நம்பரைக் கேட்டு அதில் அடிக்க வேண்டும். அடித்தால்தான் சிலிண்டர் போய்ச் சேர்ந்ததாகக் கம்பெனி நம்பும்.

"ஓடிபி சொல்றியாம்மா?"

சொன்னாள். நாலே நாலு நம்பர். மூன்று தடவை தப்பாக அடித்தேன். மூன்று தடவையும் பொறுமையாகத் திருப்பிச் சொன்னாள்.